பெங்களூரில் வீழ்ந்தார், ஆய்க்குடியில் எழுந்தார்

தமிழர் பெங்களூருக்கு வருவது இன்று நேற்றுத் தொடங்கிய வழக்கமன்று. பட்டாளத்தோடு வந்து தண்டுப் பகுதியில் தங்கியவர் உண்டு. பஞ்சாலை வேலைக்கு வந்தவர் உண்டு. 2001-ஆம் ஆண்டில் கோலார் தங்கவயல் சுரங்கங்கள் மூடப்பட்டபின் பெட்டி படுக்கையோடு வந்தவர் உண்டு. கணினித் தொழிலை நாடி அண்மையில் வந்தவரோ எண்ணிலர். நம் இல்லங்கள் ஒவ்வொன்றிலும் 'நாங்கள் பெங்களூருக்கு வந்த கதை' என்று ஒன்று இருக்கும். ஊரை விட்டுப் புறப்பட்ட நாளும், இரயிலை விட்டு இறங்கிய நாளும், முதன்முதல் குடக்கூலிக்கு எடுத்த அறையும் அக்கதையில் தவறாமல் இடம்பெறும்.

இவர்களுள் எவ்வகையிலும் சேராத ஒருவரைப் பற்றி இம்மாதம் எழுத எண்ணினோம். அவர் இந்நகருக்கு வந்தது குடியேறுவதற்காக அன்று. சில நாள் தங்கி ஒரு தேர்வு எழுதித் திரும்புவதற்காகவே வந்தார். வந்தபோது தம் கால்களால் நடந்து வந்தார். மீண்டபோது அக்கால்கள் அவருக்கு உதவவில்லை. கைகளும் முன்போல் உதவவில்லை. ஆயினும் அதன்பின் அவர் செய்த காரியங்களை நோக்கினால், கையும் காலும் நன்றாயிருக்கும் நம்மில் பலர் சற்றே தலைகுனிய வேண்டியிருக்கும்.

அவர் பெயர் எஸ். இராமகிருஷ்ணன். 1954-ஆம் ஆண்டில் பிறந்தவர். ஊர், தென்காசிக்கு அருகில் உள்ள ஆய்க்குடி. அந்நாளில் அவ்வூர் திருநெல்வேலி மாவட்டத்தைச் சேர்ந்தது. 2019-ஆம் ஆண்டு நவம்பரில் தென்காசி தனி மாவட்டமானபின் அதனைச் சேர்ந்ததாயிற்று. அநுமன் நதியின் கரையில், வயல்களுக்கும் தோப்புகளுக்கும் நடுவே, பாலசுப்பிரமணியர் கோயில் கொண்ட ஊர். குற்றாலத்துச் சாரல் அடிக்கும் காலத்தில் அங்கே வீசும் காற்றை அறிந்த நெல்லைச் சீமை வாசகர்களுக்கு யாம் அதனை வருணிக்க வேண்டுவதில்லை.

பொறியியல் மாணவராய் இருந்த இராமகிருஷ்ணனுக்குக் கடற்படையில் அலுவலராதல் வேண்டும் என்று ஆசை. அதற்கான தேர்வு பெங்களூரில் நடந்தது. படை அலுவலர் தேர்வு எவ்வாறு நடைபெறும் என்பதை, பிள்ளைகளை அதற்கு அனுப்பிய பெற்றோர் அறிவர். அறிவுச் சோதனை, மனப்பாங்குச் சோதனை, குழுவாகச் செய்யும் பணிகள், நேர்முக உரையாடல் என்று அது சில நாள் நீளும். கயிற்றைப் பற்றி ஏறுதல், தாண்டுதல், உயரத்திலிருந்து குதித்தல் முதலிய உடல்திறன் சோதனைகளும் அதில் உண்டு. 1975-ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 10-ஆம் நாள் அத்தகைய சோதனை ஒன்றின்போது அவர் உயரத்திலிருந்து வீழ்ந்தார். கழுத்துப் பகுதியில் தண்டுவடம் சிதைந்தது. கழுத்துக்குக் கீழே உடல் இயக்கம் அற்றுப் போயிற்று. அப்பொழுது அவருக்கு வயது இருபது.

தண்டுவடம் என்னும் நூல்

தண்டுவடம் என்பது விரல் பருமனுள்ள ஒரு நரம்புக் கற்றை. மூளையின் ஆணைகளை உடலுக்கும், உடலின் உணர்வுகளை மூளைக்கும் கொண்டு செல்லும் வழி அஃது ஒன்றே. எலும்பு முறிந்தால் கூடும்; தோல் கிழிந்தால் மூடும்; தண்டுவடமோ அறுந்தால் மீண்டும் கூடுவதில்லை. அரைக்குமேல் முதுகில் அடிபட்டவருக்குக் கால்கள் போகும், கைகள் இருக்கும். கழுத்தில் அடிபட்டவருக்குக் கைகளும் தளரும். மூச்சின் வலிமையும் குறையும். வியர்வை உரியவாறு சுரவாமையால் வெயிற்காலத்தில் உடற்சூடு ஏறும். சிறுநீரும் மலமும் தம் விருப்பப்படி கழியா.

இவை எல்லாவற்றினும் கொடியது படுக்கைப் புண். உணர்ச்சியுள்ள நாம் உறக்கத்திலும் புரண்டு படுக்கிறோம். ஒரே இடம் அழுந்தி வலித்தால் நம்மை அறியாமலே உடலை நகர்த்துகிறோம். உணர்ச்சியற்ற உடல் அவ்வாறு நகர்வதில்லை. சில மணி நேரம் ஒரே இடம் அழுந்தியிருந்தாலும் அங்குக் குருதி ஓட்டம் நின்று தசை அழுகத் தொடங்குகிறது. புண் எலும்புவரை ஆழ்ந்து, குருதியில் நஞ்சேறி, ஆள் மாண்டு போவதும் உண்டு. சிறுநீரகங்களில் சீழ் வைப்பது மற்றொரு வழி. இரண்டாம் உலகப் போருக்கு முன் இவ்வகை நோயாளருள் பெரும்பாலோர் சில ஆண்டுகள்கூட வாழ்ந்ததில்லை. 1944-ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் லுட்விக் குட்மன் என்னும் மருத்துவர், செருமனியிலிருந்து உயிர் தப்பி வந்தவர், இந்நிலையை மாற்றினார். அவர் கண்ட மருந்து புதுமையானதன்று. இரண்டு மணிக்கு ஒருமுறை நோயாளியைப் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும், இரவிலும் விடக்கூடாது. இதுவே அவர் விதித்த விதிகளுள் தலையானது. மற்றொன்றையும் அவர் செய்தார். படுத்தவர்களைப் படுத்தவாறே விடாமல் விளையாட்டில் இறக்கினார். 1948-ஆம் ஆண்டில் அம்மருத்துவமனைப் புல்வெளியில் அவர் நடத்திய வில்வித்தைப் போட்டியே இன்றைய பாரா ஒலிம்பிக்கிற்கு வித்து.

இதனை ஈண்டு விரித்துரைப்பதற்குக் காரணம் உண்டு. 1975-இல் நம் நாட்டில் இத்தகைய பராமரிப்பை நன்கு அறிந்திருந்த இடங்கள் மிகச் சில. அவற்றுள் படை மருத்துவமனைகள் முதன்மையானவை. போர்கள் அவர்களுக்கு அதனைக் கற்பித்திருந்தன. 1965-ஆம் ஆண்டுப் போரில் குண்டடி பட்டு முடங்கிய முரளிகாந்த் பேட்கர் என்னும் படைவீரர் 1972-இல் ஹைடல்பர்க் நகரில் நீச்சலில் தங்கப் பதக்கம் வென்றார் என்றால், அவரைப் பேணியவர்களின் திறத்தை எண்ணிப் பாருங்கள். தமிழ்நாட்டில் வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரியில் மேரி வர்கீஸ் அம்மையார் இருந்தார். 1954-இல் ஒரு கார் விபத்தில் தாமே இடுப்புக்குக் கீழ் இயக்கம் இழந்து, சக்கர நாற்காலியில் அமர்ந்தவாறே தொழுநோயாளரின் கைகளுக்கு அறுவை செய்தவர் அவர். மறுவாழ்வு மருத்துவத்தை அவ்விடத்தில் ஊன்றி வளர்த்தவரும் அவரே. அவர் வீழ்ந்த ஆண்டில்தான் இராமகிருஷ்ணன் பிறந்தார் என்பது தற்செயலே. எனினும் எழுதும்போது கை சற்று நின்றது.

மருத்துவர் தந்த பெயர்

இராமகிருஷ்ணனுக்குப் படை மருத்துவமனையில் சிகிச்சை கிடைத்தது. அங்கே அமர்ஜித் சிங் சஹல் என்னும் விமானப்படை மருத்துவர் அவருக்கு வாய்த்தார். பின்னாளில் ஏர் மார்ஷல் என்னும் உயர்நிலை எய்திய அப்பெரியார், உடலுக்கு மட்டுமன்றி உள்ளத்துக்கும் மருந்து தந்தார். 'இனி நடக்க முடியாது' என்பதை மறைக்காமல் சொல்லி, 'நடக்காமலே வாழலாம்' என்பதையும் உணர்த்தும் மருத்துவர் எத்தனை பேர் உளர்? முதலாவதைச் சொல்லாமல் பொய்யான நம்பிக்கை ஊட்டுவோர் பலர். முதலாவதை மட்டும் சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விடுவோர் அவரினும் பலர். நன்றி மறவாத இராமகிருஷ்ணன், பின்னர்த் தாம் தொடங்கிய நிறுவனத்துக்கு அம்மருத்துவர் பெயரின் முற்பாதியையே சூட்டினார். அதுவே 'அமர் சேவா சங்கம்.' அமரர் என்னும் சொல்லோடு தொடர்புபடுத்தி அதற்குப் பொருள் கொள்வாரும் உண்டு. உண்மையில் அது தலைப்பாகை அணிந்த ஒரு சீக்கிய மருத்துவரின் பெயர்.

ஊர் திரும்பினார். ஊர் என்றால் என்ன? வாசற்படி, நிலைப்படி, திண்ணை, முற்றம். முற்றத்தைத் தாண்டிக் கொல்லை. கொல்லையைத் தாண்டிக் கிணறு. தெருவெங்கும் மணல். சக்கர நாற்காலிக்கு அது இடமன்று. வெளியே வருவதென்றால் இருவர் தூக்க வேண்டும். தூக்குவோருக்கு வேலை இருக்கும். அவர்களுடைய ஓய்வே நம்முடைய உலாவாகும். இவ்வாறு பல ஆண்டுகள் ஓர் இளைஞர் இருந்தால் அவர் மனம் எதனை எண்ணும்? தம் துன்பத்தை மட்டுமே எண்ணினாலும் குறை கூறுவார் யாருமில்லை. ஆனால் அவர் தம்மைச் சுற்றியிருந்த சிற்றூர்களை எண்ணினார். இளம்பிள்ளைவாதம் தாக்கிய குழந்தைகள் அக்காலத்தில் ஊர்தோறும் இருந்தனர். கையை ஊன்றித் தவழ்ந்து, முழங்கால் காய்த்து, வீட்டு மூலையில் இருந்தனர். 'இதனைப் படிக்க வைத்து என்ன ஆகப் போகிறது?' என்று பெற்றோர் கேட்டனர். அக்கேள்வியில் கொடுமை மட்டும் இருந்ததென்று யாம் கருதவில்லை. பள்ளி இரண்டு கல் தொலைவில் இருந்தது. தூக்கிச் செல்ல வேண்டிய தாய் களையெடுக்கப் போக வேண்டியிருந்தது. (இந்தியாவில் இளம்பிள்ளைவாதம் இறுதியாகக் காணப்பட்டது 2011-ஆம் ஆண்டு சனவரியில், 2014 மார்ச்சில் நம் நாடு அந்நோய் நீங்கிய நாடென அறிவிக்கப்பட்டது. சொட்டு மருந்து தந்த அந்த எண்ணற்ற பணிப்பெண்களை நாம் எளிதில் மறந்துவிடுகிறோம்.)

1981-ஆம் ஆண்டினை ஐக்கிய நாடுகள் மன்றம் உடற்குறையுற்றோர்க்கான பன்னாட்டு ஆண்டாக அறிவித்தது. முழுமையான பங்கேற்பும் சமத்துவமும் என்பது அவ்வாண்டின் குறிக்கோள். உலகத் தலைநகரங்களில் கூட்டங்கள் நடந்தன, தீர்மானங்கள் நிறைவேறின. ஆய்க்குடியில் ஒரு கூரைக் கொட்டகையில் ஐந்து குழந்தைகளோடு ஒரு பள்ளி தொடங்கிற்று. கழுத்துக்குக் கீழ் இயங்க இயலாத ஒருவர் அதன் தலைவர். பெரிய கட்டடம் எழும்பும்வரை காத்திருக்கலாம் என்று அவர் எண்ணியிருந்தால் ஐந்து குழந்தைகளும் அதற்குள் வளர்ந்து போயிருப்பர்.

தோள் கொடுத்த கணக்காயர்

எந்த நற்பணிக்கும் தொடக்கத்தில் பாராட்டு மிகும். பத்தாண்டு கழிந்தபின் கணக்கு எழுத ஆள் கிடைக்காது. சங்கங்களை நடத்திப் பார்த்தவர்கள் இதனை நன்கு அறிவர். அமர் சேவா சங்கத்துக்கு அக்குறை நேரவில்லை. 1992-ஆம் ஆண்டில் எஸ். சங்கரராமன் என்பவர் வந்து சேர்ந்தார். அவர் பட்டயக் கணக்காயர். சென்னையில் நன்கு தொழில் நடத்தியவர். தசைச் சிதைவு நோயினால் அவரும் சக்கர நாற்காலியில் வாழ்பவர். இந்நோயின் இயல்பு வேறு. தண்டுவடம் முறிந்தவர் ஒரே நாளில் இழக்கிறார். தசைச் சிதைவு நோயாளரோ ஆண்டுக்கு ஆண்டு சிறிது சிறிதாக இழக்கிறார். சென்ற ஆண்டு ஏறிய படியில் இவ்வாண்டு ஏற இயலாது; இவ்வாண்டு தூக்கிய குவளையை அடுத்த ஆண்டு தூக்க இயலாது. அத்தகையவர் நல்ல வருவாயைத் துறந்து, தென்காசிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றுக்குச் செயலாளராக வந்தார். ஒருவர் கனவு காண, மற்றவர் வரவு செலவு பார்க்க, அந்நிறுவனம் நிலைத்தது. வரவு செலவு பார்ப்பதும் ஒரு கனவே என்பது எம் கருத்து. அதனைப் பலரும் ஒப்புவதில்லை.

பின்னர் ஏறத்தாழ முப்பது ஏக்கர் நிலப்பரப்பில் அங்கே ஒரு வளாகம் உருவாயிற்று. ஊனமுற்றார்க்கான பள்ளத்தாக்கு என்னும் பொருளில் அதற்குப் பெயரிட்டனர். படிகள் இல்லாத கட்டடங்கள், சாய்தளங்கள், சக்கர நாற்காலி செல்லும் பாதைகள். சாய்தளம் அமைப்பதில் ஒரு கணக்கு உண்டு. நம் இல்லங்களில் அமைப்போரும் இதனை நினைவில் கொள்க. ஓர் அடி உயரம் ஏறப் பன்னிரண்டடி நீளம் வேண்டும். அதனினும் செங்குத்தாகக் கட்டுவது காட்சிக்கே பயன்படும். நாற்காலியைத் தள்ளுவோர்க்கு மூச்சு வாங்கும், இறங்கும்போது உருண்டுவிடும். நம் நகரில் வங்கிகளின் வாயிலிலும் மருத்துவகங்களின் வாயிலிலும் இத்தகைய காட்சிச் சாய்தளங்களை எத்தனையோ காண்கிறோம்.

அவ்வளாகத்தில் எல்லாக் குழந்தைகளும் ஒருங்கே பயிலும் பள்ளி உண்டு. தனிக் கவனம் வேண்டும் குழந்தைகளுக்குச் சிறப்புப் பள்ளி உண்டு. செயற்கைக் கால்களும் காலிப்பர்களும் செய்யும் பட்டறை, இயன்முறை மருத்துவம், தொழிற்பயிற்சி ஆகியவையும் உண்டு. தண்டுவடம் முறிந்தவர்கள் மருத்துவமனையை விட்டு வந்தபின், வீட்டுக்குப் போகுமுன் தங்கி, வாழக் கற்றுக்கொள்வதற்கென ஓர் இல்லமும் உண்டு. இவ்விறுதியானது எமக்கு மிகவும் இன்றியமையாததாகத் தோன்றுகிறது. மருத்துவமனை உயிரைக் காக்கிறது. ஆனால் எவ்வாறு புரள்வது, எவ்வாறு கட்டிலிலிருந்து நாற்காலிக்கு மாறுவது, சிறுநீர்க் குழாயை எவ்வாறு தூய்மையாகச் செலுத்துவது, நாள்தோறும் கண்ணாடி வைத்துத் தோலில் சிவப்பு உள்ளதா என எவ்வாறு பார்ப்பது என்பனவற்றை யார் கற்பிப்பார்? தாம் அந்நிலையில் இருந்து அறிந்தவரே கற்பிக்க வல்லவர்.

வளாகத்தோடு நின்றிருந்தால் அது ஒரு நல்ல விடுதி என்ற அளவில் முடிந்திருக்கும். அவர்கள் ஊர்களுக்குச் சென்றனர். குழந்தையை வளாகத்துக்குக் கொண்டுவர வேண்டும் என்பதை மாற்றி, பயிற்சி பெற்ற பணியாளர் குழந்தையின் வீட்டுக்கே செல்லும் முறையை வளர்த்தனர். அவ்வூர்ப் பெண்களையே அப்பணிக்குப் பயிற்றினர். இன்று அப்பணியாளர் கையில் கைப்பேசிச் செயலி ஒன்று உண்டு. குழந்தையின் வளர்ச்சியை அதில் பதிந்தால், தொலைவிலுள்ள வல்லுநர் கண்டு அறிவுரை கூறுகிறார். பன்னாட்டு அளவிலும் இம்முறை பாராட்டுப் பெற்றது. கனடா நாட்டிலிருந்து 'ஹேண்டி-கேர்' என்னும் அறநிறுவனம் இப்பணிக்குத் துணை நிற்கிறது. 2020-ஆம் ஆண்டில் இந்திய அரசு இராமகிருஷ்ணனுக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கிற்று.

இரக்கமா, உரிமையா?

ஈண்டு ஓர் ஐயம் எழலாம். 'இவர் சேவை செய்தவர். உரிமைக்குப் போராடியவர் என்று எவ்வாறு கூறுவது?' என்று அன்பர் ஒருவர் எம்மிடம் கேட்டார். கேள்வி நியாயமானதே. அமெரிக்காவில் இளம்பிள்ளைவாதத்தால் கழுத்துக்குக் கீழ் இயக்கம் இழந்த எட் ராபர்ட்ஸ் என்பவர், பல்கலைக்கழகத்தில் இடம் பெறப் போராடி, 1972-இல் பெர்க்கிலி நகரில் தன்னுரிமை வாழ்வு மையம் ஒன்றை நிறுவினார். எங்களைப் பற்றிய முடிவுகளை எங்களை விலக்கிவிட்டு எடுக்காதீர் என்பது அவ்வியக்கத்தின் நெஞ்சக் கருத்து. நம் நாட்டில் ஜாவேத் அபிதி போன்றோர் தில்லித் தெருக்களில் இறங்கிப் போராடினர். 1995-ஆம் ஆண்டின் இறுதியில் நாடாளுமன்றம் முதற் சட்டத்தை நிறைவேற்றிற்று. அரசுப் பணிகளில் நூற்றுக்கு மூன்று இடம் ஒதுக்கப்பட்டது. 2016-ஆம் ஆண்டுச் சட்டம் ஏழு வகைக் குறைபாடுகளை இருபத்தொன்றாக விரித்தது. தசைச் சிதைவு நோயும் அவற்றுள் ஒன்று. பணி ஒதுக்கீடு நூற்றுக்கு நான்காயிற்று.

ஆனால் சட்டம் ஏட்டில் இருக்கும். ஆய்க்குடியில் நடந்தது வேறொன்று. உடற்குறையுள்ள இருவர் ஒரு நிறுவனத்தின் தலைவராகவும் செயலாளராகவும் இருந்து, கையும் காலும் உள்ளோர்க்கு ஊதியம் வழங்கி, கட்டளையிட்டு வேலை வாங்கினர். பிச்சை ஏந்தும் கை என்று ஊர் எண்ணியிருந்த கை, கையொப்பம் இடும் கையாயிற்று. அதனைக் கண்ணால் கண்டு வளர்ந்த குழந்தைக்கு உரிமை என்னும் சொல்லை யாரும் பொருள் கூறி விளக்க வேண்டுவதில்லை.

சொல்லும் மாறிற்று. முற்காலத்தில் நாம் வழங்கிய சொற்களை இங்கே எழுதவும் கூசுகிறோம். நம் பழமொழிகளிலேயே அவை மண்டிக் கிடக்கின்றன. பின்னர் 'ஊனமுற்றோர்' என்றோம். 2010-ஆம் ஆண்டளவில், தாமும் சக்கர நாற்காலியில் இயங்கி வந்த அன்றைய முதலமைச்சர் மு. கருணாநிதி அவர்கள் காலத்தில், தமிழ்நாட்டு அரசு 'மாற்றுத் திறனாளி' என்னும் சொல்லை ஏற்றது. சொல்லை மாற்றினால் படி சாய்தளமாகிவிடுமா என்று நகைப்போர் உண்டு. ஆகாது. ஆயினும் வீட்டுக்கு வந்த விருந்தினர் நம் பிள்ளையை எச்சொல்லால் சுட்டினார் என்பதை அப்பிள்ளை வாழ்நாள் முழுதும் மறப்பதில்லை. 2025-ஆம் ஆண்டில் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் உள்ளாட்சி மன்றங்களில் மாற்றுத் திறனாளிகளை உறுப்பினராக நியமிப்பதற்குச் சட்டத் திருத்தம் செய்தது. சொல்லுக்கு அடுத்த படி இதுவென்று கொள்ளலாம்.

நம் நகரில்

இனி நம்மிடத்துக்கு வருவோம். பெங்களூரும் இத்துறையில் பின்தங்கியதன்று. தாமும் சக்கர நாற்காலியில் வாழ்ந்த என்.எஸ். ஹேமா அம்மையார் 1959-ஆம் ஆண்டிலேயே இங்கு மாற்றுத் திறனாளிகளுக்கான சங்கம் ஒன்றை நிறுவினார். ஏ.பி.டி. என்னும் மூன்றெழுத்தால் அதனை அறிவர். லிங்கராஜபுரத்தில் அதன் வளாகம் உள்ளது. தோட்டக்கலையில் அது தரும் பயிற்சி பெயர் பெற்றது. நிம்ஹான்ஸ் மருத்துவமனையில் நரம்பியல் மறுவாழ்வுப் பிரிவு உண்டு. குறை, இவை இருப்பதை நம் மக்கள் அறியாமையே.

எம் தெருவில் வாழும் ஓர் அம்மையார். கணவர் கட்டட வேலை. அம்மையார் மூன்று வீடுகளில் சமையல். பெருமூளை வாதமுள்ள மகனுக்கு ஏழு வயது. ஊரில் இருந்தபோது மகனுக்கு மருத்துவச் சான்று வாங்கியிருந்தார். இங்கே ஓர் அலுவலகத்தில் அதனைக் காட்டியபோது, 'இது வேறு மாநிலத்துக் காகிதம்' என்று திருப்பித் தந்துவிட்டனர். ஒரு பள்ளியில் 'மற்றப் பெற்றோர் ஒப்பமாட்டார்கள்' என்றனர். "ஊரை விட்டு வந்தது எங்கள் பிழை, ஐயா. வந்தபின் பிள்ளைக்கு நாங்கள் எந்த ஊர்?" என்று அவர் கேட்டதற்கு எம்மிடம் அப்பொழுது விடை இல்லை.

விடையைத் தேடினோம். பிற குடும்பங்களுக்கும் பயன்படும் என்று அதனை இங்கே தருகிறோம். மாத உதவித் தொகையும் பேருந்துச் சலுகையும் பெரும்பாலும் மாநில அரசுகளின் திட்டங்கள். ஆதலின் அவை அங்கங்கே குடியிருப்போர்க்கே உரியன என்பது உண்மையே. ஆனால் நடுவண் அரசு வழங்கும் யூ.டி.ஐ.டி. என்னும் தனி அடையாள அட்டை நாடு முழுவதும் செல்லும். ஊர்ச் சான்றோடு அலைவோர் அவ்வட்டைக்கு விண்ணப்பித்தல் வேண்டும். குடி பெயர்ந்தால் முகவரியை மாற்றிக் கொள்ளலாம். 2016-ஆம் ஆண்டுச் சட்டப்படி, நூற்றுக்கு நாற்பது அல்லது அதற்கு மேற்பட்ட குறைபாடுள்ள குழந்தைக்கு ஆறு முதல் பதினெட்டு வயது வரை, அருகிலுள்ள பள்ளியிலோ தான் விரும்பும் சிறப்புப் பள்ளியிலோ இலவசமாகப் படிக்க உரிமை உண்டு. மற்றப் பெற்றோர் ஒப்புவதும் ஒப்பாததும் அச்சட்டத்தில் இல்லை. மறுக்கப்பட்டால் மாநில மாற்றுத் திறனாளிகள் ஆணையரிடம் முறையிடலாம். முறையீட்டை எழுத்தில் தருக, ஒப்புகை பெறுக.

இளந்தாய்மார்க்கு மேலும் ஒன்று. ஐந்து மாதமாகியும் குழந்தையின் தலை நிற்கவில்லை, ஒன்பது மாதமாகியும் துணையின்றி உட்காரவில்லை என்றால், 'எங்கள் குடும்பத்தில் எல்லாரும் தாமதந்தான்' என்று பாட்டியர் கூறுவதைக் கேட்டு அமைதி கொள்ளாதீர். குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். முதல் ஆண்டுகளில் மூளை வளையும். பயிற்சி அப்பொழுதே பலிக்கும். ஆய்க்குடிப் பணியாளர் கைக்குழந்தைகளைத் தேடி வீடு வீடாகச் செல்வதன் காரணம் இதுவே.

அவ்வம்மையாரின் மகனுக்கு அட்டை வர நான்கு மாதம் ஆயிற்று. அதற்கிடையே மூன்று முறை மருத்துவமனைக்கு அலைந்தார். மூன்று நாள் ஊதியம் போயிற்று. அவர் சமைக்கும் வீடுகளுள் ஒன்றில் அந்நாள்களுக்கும் ஊதியம் தந்தனர் என்பதையும் எழுதச் சொன்னார். கோடை விடுமுறையில் ஊருக்குச் செல்லும்போது மகனை ஆய்க்குடிக்குக் கொண்டு போய்க் காலிப்பருக்கு அளவெடுத்து வர எண்ணியிருக்கிறார். தென்காசி செல்லும் இரவுப் பேருந்தின் படிகள் உயரமானவை. தந்தையார் மகனைத் தோளில் சுமந்தே ஏற்ற வேண்டும். "இன்னும் இரண்டு ஆண்டு தூக்கலாம், ஐயா. அதன்பின் அவன் கனமாகிவிடுவான்" என்றார் அவர்.